மோந்து பார்க்காத பன்னீர்

பால் திரித்தெடுத்த பன்னீரை ஃபிரிஜ் கதவில் வைக்கக் கூடாது, சார். முக்கால்வாசிப் பேர் அங்கேதான் வைக்கிறார்கள். திறக்கும்போதெல்லாம் முதலில் சூடு ஏறுவது கதவுத் தட்டில்தான். உள்ளே தள்ளி, மூடி போட்டு வைத்து, மூன்று நாளில் தீர்த்துவிட வேண்டும். ஈப்போ புந்தோங்கில் இருபத்திரண்டு வருஷமாகப் பால், தயிர், பன்னீர் விற்கிறேன். இதைச் சொல்லாமல் யார் கையிலும் பையைக் கொடுத்ததில்லை.

சன்னாசி என் மனைவி தினேஸ்வரியின் அண்ணன். சிலிம் ரிவர் பக்கம் தோட்டத்து ஆஸ்பத்திரியில் டிரஸ்ஸராக, பாதி டாக்டர் மாதிரி மருந்து கொடுக்கிறவராக இருந்து, ஓய்வு பெற்று ஈப்போவுக்கு வந்தவர். மூன்று வருஷத்துக்கு முன் அவருக்குச் சிறுநீரகம் மாற்றினார்கள். உடம்பு அதைத் தள்ளிவிடாமல் இருக்க மாத்திரை. அதைப் போடுகிறவருக்கு நோய் தாங்கும் சக்தி குறைவு; காய்ச்சாத பாலில் செய்த எதுவும் ஆகவே ஆகாது. டாக்டர் சொன்னபோது பக்கத்து நாற்காலியில் இருந்தது நான். காகிதத்தில் குறித்துக்கொண்டதும் நான்தான்.

சனிக்கிழமை தவறாமல் கடைக்கு வருவார். டப்பாவைத் திறந்து மூக்கருகே கொண்டுபோவார்.

"மாப்ள சரக்கு நல்ல சரக்குதான். இருந்தாலும் சாமி மூக்கு எதுக்குக் குடுத்திருக்கு? மோந்து பாத்து வாங்குங்க லா."

கடையே சிரிக்கும். நானும் சிரிப்பேன். என் அப்பா ஹுத்தான் மெலிந்தாங்கில் மீன் விற்றவர். இரண்டாம் தடவை மோந்து பார்க்கிறவனைக் கண்டால் கூடையை மூடிவிடுவார். நான் எப்படி மூடுவது? மச்சான் ஆயிற்றே. வீட்டிலும் அப்படித்தான். என் கை பட்ட தயிர் என்று தெரிந்தால் மோந்து பார்க்காமல் சோற்றில் ஊற்ற மாட்டார். பதினோரு வருஷம், சார்.

தோட்டத்து மாட்டுப் பால் வாங்கினேன். காய்ச்சவில்லை. அப்படியே புளிப்பு விட்டுத் திரித்துப் பன்னீர் எடுத்துப் பன்னிரண்டு நாள் கதவுத் தட்டில் வைத்தேன். பிறகு தேங்காய்ப்பூ, நாட்டுச் சர்க்கரை, ஏலக்காய் சேர்த்து உருண்டை பிடித்து, வெள்ளிக்கிழமை மாரியம்மன் கோயிலுக்குக் கொண்டுபோனேன். சன்னாசி பேரில், ரோகிணி நட்சத்திரம் சொல்லி அர்ச்சனை செய்தேன். ஐயர் அம்மன் காலடியில் வைத்து, விபூதியும் பூவும் சேர்த்துத் திருப்பிக் கொடுத்தார்.

நேரே அவர் வீட்டுக்குப் போனேன். "பிரசாதம் மச்சான், ஒங்க பேருக்குத்தான்" என்றேன். வலது கையில் வாங்கினார், கண்ணில் ஒற்றிக்கொண்டார், வாயில் போட்டார். அம்மன் காலடியில் இருந்து வந்ததை யாரும் மோந்து பார்க்க மாட்டார்கள்.

கூட வந்திருந்த தினேஸ்வரியும் ஒன்று எடுத்தாள். தடுத்தால் ஏன் என்று கேட்பாள். இரண்டு நாள் வயிற்றுப்போக்கு. கஞ்சி நானே வைத்துக் கொடுத்தேன்.

மச்சானுக்கு மூன்றாவது வாரம் காய்ச்சல் வந்தது. பால் சாமான், வெளிச் சாப்பாடு ஏதாவது சாப்பிட்டாரா என்று ஆஸ்பத்திரியில் டாக்டர் கேட்டார்.

"இல்ல டாக்டர், வீட்டுச் சாப்பாடு மட்டுந்தான்."

அவர் பொய் சொல்லவில்லை. பிரசாதத்தை யாரும் சாப்பாட்டுக் கணக்கில் சேர்ப்பதில்லை. ஆனாலும் டிரஸ்ஸர் அல்லவா, கட்டிலின் கால்மாட்டில் நின்ற என்னைப் பார்த்தார்.

"மாப்ள, வேற ஏதாச்சும் சாப்பிட்டனா? எனக்கு ஞாபகம் இல்ல."

"இல்ல மச்சான்" என்றேன்.

நாலாம் நாள் போய்விட்டார்.

மிச்சம் இரண்டு உருண்டையைத் தூக்கிப் போடு என்று, பிரசாதம் கொடுத்து வீடு திரும்பிய அன்றைக்கே தினேஸ்வரியிடம் சொல்லியிருந்தேன். "பிரசாதத்த யாராச்சும் குப்பையில போடுவாங்களாங்க?" என்று டப்பாவில் போட்டு ஃபிரிஜ் மேல்தட்டு ஐஸ் பெட்டிக்குள் தள்ளிவிட்டாள். கருமாதி முடிந்த மறுநாள், தன் வயிறு கெட்டது அவளுக்கு ஞாபகம் வந்திருக்கிறது. டப்பாவை எடுத்துக்கொண்டு டாக்டரிடம் போயிருக்கிறாள். உருண்டையில் மச்சானைக் கொன்ற அதே கிருமி இருந்ததாம்; அங்கிருந்து போலீஸ் ஸ்டேஷனுக்கு, உங்களிடம். இத்தனை வருஷத்தில் ஒரு பால் சாமானை அவள் சரியாகப் பாதுகாத்தது அதுதான்.

அவர்மேல் கோபமா என்று கேட்டீர்கள். இல்லை. கொன்றது நான்தான்; எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். இதையும் சேர்த்து எழுதுங்கள்: என் கையால் கொடுத்ததை அவர் நம்பிச் சாப்பிட்டார், சார். மோந்துகூடப் பார்க்கவில்லை.