வாய் திறக்காதவன்

அன்று காலை தேநீரில் சீனி போதாது என்றாள் கோசிகா. இன்னொரு கரண்டி போட்டுக் கொடுத்தேன். சப்பாத்தை மாட்டிக்கொண்டே, "அப்பா, பின்னேரம் ட்ராம் ஸ்ரொப்புக்கு வாறியளோ? அவன் நேற்றும் வந்தவன்" என்றாள்.

"ஆர்?"

"தெரியாது. ஒண்டும் கதைக்கிறானில்லை. நான் நிண்டா அவனும் நிக்கிறான்."

"உன்ர மூஞ்சிக்கு ஆர் பிள்ளை பின்னால வரப்போறான்?"

சிரித்துவிட்டுப் போனாள்.

அவன் பெயர் ஹரிசன். அப்டன் பார்க்கில் ஒரு மரக்கறிக் கடையில் நிற்பவன். மூன்று மாதமாகப் பொலிஸ்காரர் நீங்கள் தேடும் ஆள். கமெராப் படத்தைக் காட்டி, இந்த முகத்தைத் தெரியுமா என்றீர்கள். தொப்பி மறைத்த படத்தில் முகமே இல்லை, அதையே சொன்னேன். மகளுக்கு எதிரிகள் உண்டா என்றீர்கள். இல்லை என்றேன். அவனை யாராவது அனுப்பியிருப்பார்களா என்று ஒருவரும் கேட்கவில்லை. இந்த ஸ்ரேஷனுக்கு வந்து வந்து எனக்கு அலுத்துவிட்டது.

தாய் போனபின் நான் தனியே வளர்த்த பிள்ளை. கல்யாணம் பேசத் தொடங்கியிருந்தோம். மாப்பிள்ளை வீட்டார் எப்படியும் விசாரிப்பார்கள். அவள் எங்கே போகிறாள், யாரோடு பழகுகிறாள் என்று அவர்களுக்கு முன்னால் நான் அறிந்திருக்க வேண்டும். நாங்கள் இருக்கும் மிச்சம் என்ற ஊரில் எங்கள் ஆட்கள் எல்லோரையும் அவளுக்குத் தெரியும். அதனால் லண்டனின் மறுகோடியிலிருந்து ஒருவனைப் பிடித்தேன். ஒரே ஒரு நிபந்தனை: வாய் திறக்கக் கூடாது. ஒரு சொல் தமிழ் காதில் விழுந்தாலும் இது அப்பாவின் வேலை என்று கண்டுபிடித்துவிடுவாள்.

ஒரு வாரத்தில் ஹரிசன் வந்து, "அண்ணை, அவவில ஒரு பிழையும் இல்லை. பாவம், பயப்பிடுறா. விடுவம்" என்றான்.

பிழை இல்லைதான். ஆனால் அவள் இருட்டுமுன்பே வீட்டுக்கு வரத் தொடங்கியிருந்தாள். நான் எத்தனை வருடம் கெஞ்சியும் நடக்காதது. தொடர்ந்து போகச் சொன்னேன்.

அன்று பின்னேரம் நான் ட்ராம் தரிப்பிடத்துக்குப் போகவில்லை. அவன் இருக்கும்போது நான் எதற்கு? அவனைக் கண்டதும் அவள் தண்டவாளத்தைக் கடந்து ஓடியிருக்கிறாள். அப்போதுதான் அவன் கத்தியிருக்கிறான்: "தங்கச்சி, ட்ராம் வருது."

ஓடிக்கொண்டிருந்தவள் தமிழைக் கேட்டதும் நின்றாள். தண்டவாளத்தின் நடுவில் நின்று, அவனைத் திரும்பிப் பார்த்தாள்.

அவன் அழுதுகொண்டே இதைச் சொன்னபோது எனக்குக் கோபம்தான் வந்தது. வாய் திறக்காதே என்று அத்தனை தரம் சொல்லியிருந்தேன்.

எழுதிக்கொள்ளுங்கள், அவனை அனுப்பியது நான். இதையும் சேர்த்து எழுதுங்கள்: அந்தக் கடைசி மாதத்தில் என் மகள் ஒரு நாள்கூடத் தனியாக நடந்ததில்லை.