புதிதாக ஒரு காரணம்

டீ நன்றாக இருக்கிறது, சார். மேலே படிந்த ஆடையை எடுத்துப் போட்டுவிட்டால் குடித்துவிடுவேன். சின்ன வயதிலிருந்தே ஆடையைக் கண்டால் எனக்குக் குமட்டும். சிலருக்கு உடம்பு அப்படி.

வீரமணியைப் பற்றிக் கேட்டீர்கள். என் சித்தப்பா மகன். கிணற்றை ஒட்டிய வடக்குக் காடு யாருடையது என்பதுதான் எங்கள் வழக்கு. பட்டா என் பேரில். தாத்தா தனக்கென்று வாய்வார்த்தையாகப் பிரித்துக் கொடுத்தது என்பான் அவன். ஒருநாள் எல்லைக் கல்லைப் பிடுங்க வந்தான். தகராறில் மண்வெட்டிக் காம்பால் என் தோளில் போட்டான். முதலில் கைநீட்டியது நான்தான். அதை யாரும் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. நேரில் பார்த்த சாட்சி என் அக்கா சின்னம்மாள். புருஷன் போனபிறகு என் வீட்டோடு இருந்தவள்.

அவனை உள்ளே வைத்தார்கள். நான் காட்டை உழுது தக்காளி நட்டேன். காய் சிவக்கும் சமயத்தில் ஜாமீனில் வந்துவிட்டான். தினமும் காலையில் ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும், சாட்சி பக்கம் போகக் கூடாது. அவ்வளவுதான் நிபந்தனை. ஸ்டேஷனுக்குப் போகும் தடம் என் காட்டோரம். மொபெட்டை நிறுத்தி, வாயில் அடக்கிய புகையிலையை எல்லைக் கல்மேல் துப்புவான்.

"தண்ணி நல்லா பாய்ச்சுண்ணா. பறிக்கறது நான்தான," என்பான்.

பேச்சு எனக்குப் பெரிதில்லை. அந்த எச்சில்தான். கல்லில் பழுப்பாகக் காய்ந்து கிடக்கும். சோற்றில் கை வைத்தால் அதுதான் கண்முன் நிற்கும். பல நாள் பாதியில் எழுந்திருக்கிறேன்.

தருமபுரிக்குப் போய் வக்கீலைப் பார்த்து, ஜாமீனை ரத்து செய்ய வேண்டும் என்றேன். நல்ல மனிதர், பொறுமையாகச் சொன்னார்.

"குடுத்த ஜாமீனச் சும்மா ரத்து பண்ண மாட்டாங்க. வெளிய வந்தப்புறம் அவன் புதுசா ஏதாச்சும் பண்ணியிருக்கணுங்க. சாட்சிய மெரட்டினான், அடிச்சான், அப்படி."

துப்புகிறானே என்றேன். சிரித்துவிட்டார். சின்னக் காயம் இருந்தால் போதுமா என்று கேட்டேன்.

"கீறலுக்கெல்லாம் ஜட்ஜ் நிமிந்துகூடப் பாக்க மாட்டாருங்க," என்றார். அவர் விளையாட்டாகத்தான் சொன்னார். அவர்மேல் தப்பில்லை.

பஸ்ஸில் வரும்போதே யோசித்தேன். என்னை நானே வெட்டிக்கொள்ளலாம், ஆனால் பறிப்பு சமயம், பாலக்கோட்டு மண்டிக்கு லோடு அனுப்ப ஆள் வேண்டும். மனைவி அமுதவல்லி இல்லாவிட்டால் மாடு பால் கொடுக்காது. அக்காவுக்கு அப்படி ஒரு வேலையும் இல்லை. சாட்சியும் அவள்தான். இதில் நான் தேர்ந்தெடுத்தது என்று ஒன்றுமில்லை.

அவளிடம் மறைக்கவில்லை. கையில் லேசாக ஒரு வெட்டு, வீரமணி செய்ததாகச் சொல்ல வேண்டும், நிலம் நம்மை விட்டுப் போகாது என்றேன். 

"வலது கை வேணாண்டா, சோறு திங்கணும். எடது கையில போடு," என்றாள்.

மறுநாள் காலை அவன் மொபெட் வரும் நேரம் பார்த்து அவளைக் காட்டுக்குக் கூட்டிப்போனேன். தடத்தில் மொபெட் சத்தம் கேட்டது. அக்கா இடது கையை நீட்டிக்கொண்டு, கண்ணை மூடி, முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டாள். நான் கொடுவாளைத் தலையில் இறக்கினேன். ஆத்திரமெல்லாம் இல்லை, சார். கைக்காயத்தை வைத்துக்கொண்டு கோர்ட்டில் தலைகுனிந்து நிற்க எனக்கு இஷ்டமில்லை.

விழுந்தவள் என் வேட்டியைப் பிடித்துக்கொண்டாள். ஈரமான கை. விரல்களை ஒவ்வொன்றாக எடுத்துவிட வேண்டியிருந்தது. அந்த வேட்டியை அப்புறம் நான் கட்டவேயில்லை. மோட்டார் தொட்டியில் கொடுவாளைக் கழுவினேன், சோப்புப் போட்டுக் கை கழுவினேன், பிறகு 108க்கு போன் செய்தேன்.

மொபெட்டில் போனது பால்காரன் என்று எனக்கு எப்படித் தெரியும்? திருவிழா பந்தோபஸ்துக்கு நீங்கள் போக வேண்டும் என்று அன்று வீரமணியை விடியும்போதே ஸ்டேஷனுக்கு வரச்சொல்லி, உங்கள் மேஜைக்கு எதிரிலேயே உட்காரவைத்திருந்தீர்களாம். அக்காவை வெட்டிய நேரத்தில் அவன் உங்களோடு இருந்திருக்கிறான். இதை முதல் நாளே சொல்லியிருக்கலாம். ஜாமீன் ரத்து மனுவுக்காக நான் வீணாக அலைந்திருக்க மாட்டேன்.

முகத்தைத் திருப்பிக்கொள்கிறீர்கள். எனக்குப் புரிகிறது, ரத்தம் என்றால் எனக்கும் ஆகாது. ஆனால் ஒன்று பாருங்கள். ஆஸ்பத்திரியில் அக்காவுக்கு நினைவு வந்ததும் மாஜிஸ்திரேட் வந்தார். என்னை வெளியே போகச் சொல்லிக் கதவைச் சாத்தினார்கள். உள்ளே அவரும் டாக்டரும் அவளும்தான். மிரட்ட ஆளில்லை. அவள் என் பேரைச் சொல்லியிருக்கலாம். வீரமணிதான் வெட்டினான் என்று, நான் சொல்லிக்கொடுத்தது மாறாமல் சொல்லியிருக்கிறாள். அன்று சாயங்காலமே போய்விட்டாள்.

அக்காவுக்கு என்மேல் ஒரு குறையும் இருந்ததில்லை, சார். அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.