அவர் வந்திட்டார்

– ஜது, இஞ்சை அப்பா கதைக்கிறன். சுஜீத்திட்டைப் போனைக் குடு பிள்ளை.

– அண்ணையிட்டையோ? அவர் அமெரிக்காவிலை எல்லோ அப்பா, அந்தத் தடுப்புக் காம்புக்குள்ளை.

– எனக்குப் பகிடி விடாதை. மத்தியானம் நீதானே வட்சப் குறூப்பிலை போட்டனி. மலர், அதை இன்னொருக்கா வாசி.

– "அவர் வந்திட்டார். இனி ஒருத்தரும் ஒண்டும் செய்யேலாது." இப்பிடித்தான் கிடக்குது.

– ஐயோ அம்மா! நான் அப்பிடிச் சொல்லேல்லை. ஷிப்டிலை கையுறையோடை நிண்டனான், ரைப் பண்ணேலாமல் போனுக்கு வாயாலை சொன்னனான், அது எழுதினது. எலெக்சன்...

– எலெக்சன் கிடக்கட்டும். அண்ணை களைச்சுப்போய்ப் படுத்திருப்பான், என்ன பிள்ளை?

– கொஞ்சம் கேளுங்கோ அம்மா. கூட்டத்துக்குக் கூட்டம் மேடையிலை ஏறி நிண்டு, வெளியிலையிருந்து வந்த சனத்தை முழுக்கப் பிளேனிலை ஏத்தி அனுப்புவன் எண்டாரே, அந்த மனுசன்...

– பிள்ளை, அப்பா சொல்லுறன் கேள். அந்தாள் என்னவும் கத்தட்டும். அங்கை தெருத்தெருவாச் சனம் அடிபடுது, நெருப்பு வைக்குது. அதுக்குள்ளாலை என்ரை பெடியன் தப்பி வந்திட்டான், எனக்கு அது காணும். உன்ரை ஹவுன்ஸ்லோ அறையிலை ரெண்டு பேர் படுக்கேலுமோ?

– அப்பா...

– கட்டிலை அவனுக்கு விடு. நீ கீழை படு, ஒண்டும் தேய்ஞ்சு போகமாட்டாய். குளிருக்கு நல்ல ஜக்கெற் ஒண்டும் வாங்கிக்குடு.

– போன் பிழையா எழுதிப்போட்டுது அப்பா. நான் சொன்னது வெண்...

– இஞ்சாருங்கோ, சிக்னல் இழுக்குது. நான் முத்தத்துக்குக் கொண்டுபோறன். நீங்கள் மிச்சக் கஞ்சியைக் குடியுங்கோ.

– கெதியாக் கொண்டா மலர். அவன் எழும்பினால் நான் கதைக்கவேணும்.

– அம்மா, இப்பவாவது கேளுங்கோ! நான் சொன்னது "வெண்டிட்டார்". எங்கடை தமிழ் இந்தப் போனுக்கு விளங்காதம்மா. அந்த மனுசன் எலெக்சனிலை வெண்டிட்டார். அண்ணையைத் திருப்பி அனுப்பப் போறாங்கள். லோயரும் கையை விரிச்சிட்டார். நான் இஞ்சையிருந்து என்னத்தைச் செய்ய?

– மெல்லக் கதை பிள்ளை, ரேடியோச் செய்தி நானும் கேட்டனான். நீ போட்டதை அப்பாவுக்கு வாசிச்சு முடியத்தான் எனக்கும் விளங்கினது. அதுக்குள்ளை, அண்ணையை நினைச்சு நாலு நாளா வாயிலை ஒண்டும் வைக்காத மனுசன் கஞ்சி கேட்டிட்டார். இப்ப போனை உள்ளை கொண்டுபோறன், அண்ணை நித்திரை எண்டு சொல்லு.