பதினான்காவது ஷரத்து

என் பேச்சு எப்போது முடியும் என்று இப்போதே கைக்கடிகாரத்தைப் பார்க்கத் தொடங்கிவிட்ட அவைத் தலைவர், பெருமதிப்பிற்குரிய பெரியவர் பூவராகன் அவர்களே! கெடிலக்கரை கூட்டுறவு வீடுகட்டும் சங்கத்தின் காரியதரிசி, கணக்கில் கண்ணும் காபியில் கருத்துமாய் விளங்கும் நண்பர் கண்ணாயிரம் அவர்களே! வலப்புறம் வீற்றிருக்கும் வயதில் மூத்த பெரியோர்களே! மேடையில் எவன் என்ன முழங்கினாலும் வீட்டுக்குப் போய் இறுதித் தீர்ப்பு வழங்கப்போகிற தாய்மார்களே! தேவனாம்பட்டினத்திலிருந்து வலையை உலரப் போட்டுவிட்டு ஓடிவந்திருக்கும் கடலோடித் தோழர்களே! கடைசி வரிசையில் பொரிகடலைப் பொட்டலத்தோடு அமர்ந்திருக்கும் என் மைத்துனன் லூர்துசாமியே! உங்கள் அத்தனை பேருக்கும் மஞ்சக்குப்பம் வக்கீல் குமாஸ்தா மரியலூர்துவின் மனங்கனிந்த மாலை வணக்கம்!

இதோ இந்த மேசையின்மேல் முப்பத்திரண்டு கடன் பத்திரங்கள் இருக்கின்றன. நான் இறங்கியதும் முப்பத்திரண்டு குடும்பங்கள் இருபது ஆண்டுக் கடனுக்குக் கையெழுத்துப் போடப்போகின்றன. முதல் ஆளாகச் சடையப்பன் பேனாவைத் திறந்தே வைத்திருக்கிறார். அந்த மை காய்வதற்குள் முடித்துவிட வேண்டும் என்பது காரியதரிசியின் கட்டளை. எனக்கு அவர் கொடுத்த தலைப்பு, 'சொந்த வீடே சொர்க்கம்'.

சொர்க்கந்தான்! யார் மறுத்தார்? சுண்ணாம்பு வாசனை சொர்க்கம்! சுவரில் ஆணி அடிக்கும்போது 'யாரைக் கேட்டு அடித்தாய்' என்று அதட்ட ஆளில்லாத அந்த அமைதி சொர்க்கம்! ஆனால், அன்பர்களே, அந்தச் சொர்க்கத்தின் விலை என்ன? விலை தெரியும் என்பீர்கள். வட்டி என்ன? அதுவும் தெரியும் என்பீர்கள். இருபது ஆண்டு கழித்துக் கூட்டிப் பார்த்தால் மொத்தம் என்ன? கேட்டவர்கள் கை தூக்குங்கள் பார்ப்போம்!

ஒரு கை இல்லை. கண்ணாயிரம்கூடத் தூக்கவில்லை! வெட்கப்பட வேண்டாம். நானும் கேட்கவில்லை.

என் தொழில் என்ன? ஊரார் பத்திரங்களை எழுதுவது. விக்கிரயம் எழுதினேன், விடுதலை எழுதினேன், பாகம் எழுதினேன், போக்கியம் எழுதினேன். ஒரு காற்புள்ளி தவறினால் கட்சிக்காரனைத் திருப்பிக் கூப்பிட்டுத் திருத்தினேன். அப்பேர்ப்பட்ட நான், ஐம்பத்தெட்டாம் ஆண்டு பங்குனி மாதம், என் வீட்டுக்காக எழுதிய ஒரே ஒரு பத்திரத்தை மட்டும் வாசிக்காமல் கையெழுத்துப் போட்டேன். ஏன்? காபி ஆறிக்கொண்டிருந்தது!

சிரிக்கிறீர்கள். நடந்ததைச் சொல்கிறேன். என் மனைவி இன்னாசிமேரியின் சங்கிலியை விற்றுப் புதுப்பாளையத்தில் மனை வாங்கினோம். கட்டடத்துக்கு ஐயாயிரம் தேவை. கடலூரில் கடன் கேட்ட இடத்தில் எல்லாம் கேள்வி கேட்டார்கள். சம்பளம் எவ்வளவு, ஜாமீன் யார், ஓய்வு எப்போது? எனக்குக் கோபம். மேடைப் பேச்சாளன் அல்லவா, கேள்வி கேட்டுத்தான் பழக்கம்! சிதம்பரத்தில் ஒரு பண்டு ஆபீஸ் இருந்தது. பெயர் சொல்லமாட்டேன், மானநஷ்ட வழக்கின் மகிமை வக்கீல் குமாஸ்தாவுக்குத் தெரியாதா? அங்கே ஒரு கேள்வி கிடையாது. 'வாங்க வாங்க' என்றார்கள். காபி கொடுத்தார்கள். நூற்றுக்கு ஒன்பது வட்டி, மாதம் நாற்பத்தைந்து ரூபாய் என்றார்கள். நாற்பத்தைந்துதானா என்றேன். நாற்பத்தைந்தேதான் என்றார்கள். போட்டேன் கையெழுத்தை!

அன்று முதல், மாதம் பிறந்தால் முதல் சனிக்கிழமை, பாசஞ்சர் ரயில் ஏறிச் சிதம்பரம் போவேன். பணத்தைக் கட்டுவேன். ரசீதை மடிப்பேன். வரும் வழியில்... என்ன லூர்துசாமி? 'மச்சான், கொத்சு கதையச் சொல்லு' என்கிறான். சொல்லாமல் விடுவேனா? சிதம்பரத்து இட்லி கொத்சு, ஐயா! பணம் கட்டிய மனிதனுக்குப் பசிக்காதா? வீட்டுக்காக உழைக்கிறோம் என்ற பெருமையில் இரண்டு இட்லி கூடவே இறங்கும். ரயிலுக்கும் இட்லிக்குமாக மாதம் இரண்டு ரூபாய். அதைக் கணக்கில் சேர்க்க எனக்குத் தோன்றவில்லை. இன்னாசிமேரிக்குத் தோன்றியது.

ஐந்து ஆண்டு ஓடியது. அறுபது தவணை முடிந்தது. ஈஸ்டர் பாஸ்கா முடிந்த வாரம், எங்கள் பங்குச் சாமியார் வீடு வீடாக வந்து தீர்த்தம் தெளித்து மந்திரிப்பது வழக்கம். அதற்கு வீட்டைக் கழுவிக்கொண்டே இன்னாசிமேரி கேட்டாள்.

"ஏங்க, இதுவரிக்கும் மொத்தமா எம்மாங் கட்டிருக்கோம்?"

"ரெண்டாயிரத்து எழுநூறு!"

"அப்ப பாதிக்கு மேல தீந்துபோச்சா?"

"தீந்துபோச்சு!" என்றேன். அடடா, அந்தக் குரலில் இருந்த கம்பீரம்! இந்த மேடையில்கூட எனக்கு இன்று வரவில்லை. 'எதுக்கும் ஒரு கார்டு போட்டுக் கேட்டுருங்க' என்றாள் அவள். போட்டேன். பதில் வந்தது. ஒரே வரி. 'தங்கள் கணக்கில் இன்று நிற்கும் அசல், ரூபாய் நாலாயிரத்து நானூற்று முப்பத்தேழு.'

நாலாயிரத்து நானூற்று முப்பத்தேழு! கட்டியது இரண்டாயிரத்து எழுநூறு. கழிந்தது ஐந்நூற்று அறுபத்து மூன்று! மீதி எங்கே போனது? மாயமா? மந்திரமா? திருட்டா? திருட்டு இல்லை, அன்பர்களே. சுத்தமான, நியாயமான, சட்டப்படியான கணக்கு! முதல் மாதம் நான் கட்டிய நாற்பத்தைந்தில், முப்பத்தேழரை வட்டிக்குப் போனது. ஏழரைதான் அசலுக்குப் போனது. ஏழரை என்றதும் ஏனய்யா எல்லாரும் ஒன்றாகச் சிரிக்கிறீர்கள்? நான் மாதா கோவில்காரன். ஆனாலும் என்னைப் பிடித்திருந்தது ஏழரைதான் என்று எனக்கும் அன்று விளங்கியது! முதலில் வட்டி சாப்பிடும்; மிச்சம் இருந்தால்தான் அசல் வாய் வைக்கும். ஆண்டு ஆக ஆகத்தான் அதற்கு உருண்டை பெரிதாகும்.

இருபது ஆண்டுக்கும் கூட்டுங்கள். மாதம் நாற்பத்தைந்து, இருநூற்று நாற்பது மாதம், பத்தாயிரத்து எண்ணூறு! அதாவது ஐயாயிரத்துக்கு ஒரு வீடு நமக்கு. ஐயாயிரத்து எண்ணூறுக்கு இன்னொரு வீடு அவர்களுக்கு. அவர்கள் வீடு நம்முடையதைவிடப் பெரியது, ஐயா! இதற்கு மேல் வீட்டு வரி நான் கட்ட வேண்டும். வெள்ளை நான் அடிக்க வேண்டும். புயல் அடித்து ஓடு பறந்தால் ஏணி வைத்து நான் ஏற வேண்டும். உரிமை அங்கே, ஒழுகல் இங்கே!

இன்னாசிமேரி அழவில்லை. கார்டைக் கையில் பிடித்துக்கொண்டு வீட்டை ஒரு சுற்றுச் சுற்றினாள். எங்கள் வீடு முன்வாசல் தொடங்கிப் பின்வாசல் வரை இருபத்தேழு அடி நீளம். ஐயாயிரத்தில் ஐந்நூற்று அறுபத்து மூன்று என்பது ஏறக்குறைய ஒன்பதில் ஒரு பங்கு. இருபத்தேழு அடியில் ஒன்பதில் ஒரு பங்கு மூன்று அடி. அடுப்புக்கரியை எடுத்தாள். வாசற்படியிலிருந்து மூன்றடி அளந்தாள். தரையில் குறுக்கே ஒரு கோடு போட்டாள்!

"இந்தாண்ட நம்முது. அந்தாண்ட அவுங்களுது," என்றாள்.

அந்த மூன்றடியில் என்ன இருந்தது தெரியுமா? செருப்பு இரண்டு ஜோடி, ஒரு குடை, நான்!

அந்த நேரம் பார்த்தா சாமியார் உள்ளே வரவேண்டும்? தீர்த்தச் செம்போடு வந்தவரைக் கோட்டுக்கு முன்னால் மறித்து, மிகுந்த மரியாதையோடு சொல்கிறாள்: "சாமி, இம்மாந்தூரம் மந்திரிச்சாப் போதுங்க. அந்தாண்ட செதம்பரத்துக்காரங்க எடம்."

சாமியார் கோட்டைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். "அப்ப அந்தப் பக்கத்துக் காணிக்கைய நான் செதம்பரம் போய்த்தான் வாங்கணுமா மேரி?" என்றார். நான் தலையைத் தொங்கப் போட்டேன். தெருவே வந்து எட்டிப் பார்த்தது. ரயிலுக்கும் கொத்சுக்குமாக நூற்றிருபது ரூபாய் ஆனதை இன்னாசிமேரி அப்போதுதான், அத்தனை பேர் முன்னால், சாமியாரிடம் பாவசங்கீர்த்தனம் போல ஒப்பித்தாள். பாவம் என்னுடையது, ஒப்பித்தது அவள்!

இதுவரை சிரித்தீர்கள். இனிமேல் கொஞ்சம் கவனமாகக் கேளுங்கள். தலைவர் அவர்களே, ஐந்து நிமிடம். ஐந்தே நிமிடம்.

அந்தக் கோட்டை நகர்த்துவது என்று இருவரும் முடிவு செய்தோம். அந்த ஆண்டு கிறிஸ்துமசுக்கு எங்கள் வக்கீல் ஐயா நூறு ரூபாய் இனாம் கொடுத்தார். புதுத்துணி எடுக்கவில்லை. கேக்கு வாங்கவில்லை. அந்த நூறோடு சிதம்பரத்துக்கு ஓடினேன். இட்லி சாப்பிடாமல் ஓடினேன், ஐயா! 'இதைத் தவணையில் சேர்க்காதீர்கள், அசலில் கழியுங்கள்' என்றேன். அந்த நூறு அன்றைக்கு அசலில் கழிந்திருந்தால், கடைசியில் எட்டு மாதத் தவணை எனக்குக் குறைந்திருக்கும். நூறு ரூபாய் கொடுத்து முந்நூற்று அறுபது ரூபாயைத் தடுத்திருப்பேன். ஆனால் அங்கிருந்தவர் என்ன சொன்னார் தெரியுமா?

"அப்பிடிக் கழிக்க முடியாதுங்களே. அடுத்தடுத்த மாசத் தவணைக்கு முன்பணமா வெச்சுக்கிறோம். பதினாலாவது ஷரத்தப் படிக்கலீங்களா? நீங்க பத்திரம் எழுதறவரு தானே?"

அவர் கேலி செய்யவில்லை. உண்மையாகவே ஆச்சரியப்பட்டுக் கேட்டார். அதுதான் எனக்கு வலித்தது. என் பத்திரத்தை நான் முதன்முதலாக முழுதும் வாசித்தது அன்றைக்கு, சிதம்பரம் ரயிலடியில், பெஞ்சில் உட்கார்ந்து. கூடுதல் பணம் அசலில் கழியாது என்ற பதினான்காவது ஷரத்து இருந்தது. தெளிவாக இருந்தது. கீழே என் கையெழுத்து அதைவிடத் தெளிவாக இருந்தது. வெட்கத்தில் எனக்குக் கண்ணீர் வந்துவிட்டது.

அன்பர்களே! நமது சங்கத்தின் வட்டி ஆறுதான், மலிவு, மறுக்கவில்லை. நாலாயிரம் கடன், மாதம் இருபத்தெட்டு ரூபாய் அறுபத்தாறு பைசா. மொத்தம் என்ன என்று யாருமே கேட்கவில்லை என்பதால் நானே சொல்கிறேன்: ஆறாயிரத்து எண்ணூற்று எழுபத்தெட்டு! இதே கடனைப் பத்து ஆண்டில் அடைத்தால் ஐயாயிரத்து முந்நூற்று இருபத்தொன்பது. ஆனால் அதற்கு மாதம் நாற்பத்து நாலு ரூபாய்க்கு மேல் வேண்டும். நம்மால் முடியுமா? எல்லா மாதமும் முடியாது. முடிகிற மாதத்தில் கூடுதலாகக் கட்டலாம் அல்லவா? கட்டினால் என்ன ஆகும்?

இந்த இடத்தில் ஒரு குற்றத்தை ஒப்புக்கொள்ள வேண்டும். மேசையில் இருக்கும் முப்பத்திரண்டு பத்திரங்களையும் டைப் அடித்தது யார்? இந்தக் கை. கண்ணாயிரம் எங்கள் ஆபீசுக்கு வந்து, 'அண்ணே, ஏதாவது மாதிரிப் பத்திரம் இருந்தாப் பாத்து அடிச்சுக் குடுங்க' என்றார். அலமாரியில் கைக்கு அகப்பட்டதை எடுத்தேன். அடிக்கத் தொடங்கினேன். முப்பத்திரண்டாவது பிரதி அடிக்கும்போதுதான் விரல் நின்றது. எது மாதிரி? என் பத்திரம்! பதினான்காவது ஷரத்து அப்படியே, வரிக்கு வரி, இந்த முப்பத்திரண்டிலும் இருக்கிறது! கண்ணாயிரத்திடம் சொன்னேன். கெட்ட மனிதர் இல்லை. 'கூட்டத்துல வெச்சே சொல்லிடுங்கண்ணே' என்றார். அதனால்தான் சொல்கிறேன். சடையப்பன் அவர்களே, பேனாவை மூடுங்கள்!

யாரோ தாய்மார் பக்கத்திலிருந்து எழுகிறார்கள். சடையப்பன் மனைவி வேலம்மாள். சத்தமாகக் கேளுங்கள் அம்மா, மைக் இல்லாவிட்டால் என்ன, கடற்கரையில் கூவிப் பழகிய குரல்தானே!

"நல்லா மீனு பட்ட மாசத்துல எரநூறு முந்நூறு வரும். ஐப்பசி கார்த்திகையில அடுப்பே எரியாது. பட்ட மாசத்துல கொண்டாந்து ஜாஸ்தியாக் கட்டுனா, அத்த அன்னிக்கே அசல்ல கழிப்பீங்களா, இல்ல ஓரமா எடுத்து வெச்சுக்குவீங்களா? இத்தச் சொல்லிட்டு அப்பறம் கையெழுத்து வாங்குங்க!"

கேட்டீர்களா? நான் ஆறு ஆண்டு கழித்துக் கற்றதை, இந்தத் தாய் ஆறு நிமிடத்தில் கேட்டுவிட்டாள்! தலைவர் அவர்களே, அந்தப் பண்டு ஆபீசில் நான் வெறும் கடன்காரன். இங்கே இவர்கள் அங்கத்தினர்கள். சங்கம் இவர்களுடையது, ஷரத்தும் இவர்களுடையது!

தலைவர் எழுகிறார். 'தீர்மானமாவே கொண்டாந்துடலாம்' என்கிறார். ஐயா, நன்றி! இதோ வாசிக்கிறேன்: 'அங்கத்தினர் எவரும் தவணைக்கு மேல் கட்டும் எந்தத் தொகையும், கட்டிய அன்றே அசலில் கழிக்கப்படும், பதினான்காவது ஷரத்து நீக்கப்படும்.' ஆதரிப்பவர்கள் கை தூக்குங்கள்! லூர்துசாமி, நீ அங்கத்தினன் இல்லை, கையை இறக்கு. கண்ணாயிரம் அவர்களே, ஒரு கை போதும், இரண்டு கையும் தூக்கினால் கணக்கு கெடும்! எண்ணுகிறார்கள்... முப்பத்திரண்டு! முப்பத்திரண்டும்! எதிர்ப்பவர்? ஒருவரும் இல்லை.

அன்பர்களே, இந்தத் தீர்மானத்தால் என் கடனில் ஒரு பைசா குறையாது. எழுபத்தெட்டாம் ஆண்டு பங்குனி வரை நான் கட்டித்தான் ஆகவேண்டும். அன்றைக்கு எனக்கு அறுபத்தாறு வயது. அதை நினைத்தால் சில நாள் தூக்கம் வராது. ஆனால் இன்று எனக்கு ஒரு வரம் கொடுங்கள். என் பத்திரத்தில் நான் கோடு போட்டு அடிக்க முடியாத அந்த ஷரத்தை, உங்கள் முப்பத்திரண்டு பத்திரத்திலும் என் கையாலேயே அடித்துத் தருகிறேன். அடிக்கும்போது நீங்கள் பக்கத்தில் நின்று பாருங்கள். அடித்த பிறகு முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை வாசிக்கச் சொல்லிக் கேளுங்கள். அதன் பிறகு கையெழுத்துப் போடுங்கள்.

பொறுமையாய்க் கேட்ட பெரியோர்க்கும், போதுமென்று சொல்லாத தலைவர்க்கும், புரியும்படி கேட்ட தாய் வேலம்மாளுக்கும் என் நன்றி. கட்டப்போகும் முப்பத்திரண்டு வீடுகளுக்கும், குடியேறப்போகும் உங்கள் குழந்தைகளுக்கும் என் வணக்கம்.

சடையப்பன் அவர்களே, அந்தப் பேனாவை இப்படிக் கொடுங்கள்.