கரண்டிக்கு நின்ற கப்பல்

சமையல்காரர்: ஒரே ஒரு கரண்டியால ஒரு போர்க்கப்பலையே நிறுத்தினவன்மா நான்!

இன்ஜின்காரர்: ஆரம்பிச்சுட்டான்யா. போன தடவை திமிங்கலத்துக்குச் சோறு போட்டு வளர்த்தேன்னான்.

சமையல்காரர்: அது வேற கப்பல்டா. இது இவங்கப்பா, நம்ம நெட்டையன், கடல்ல விழுந்த அன்னிக்கு...

மகள்: மெதுவா, சமையல் மாமா. உள்ள அம்மா படுத்திருக்காங்க.

சமையல்காரர்: தூங்குறாங்களா?

மகள்: எங்க தூங்குறாங்க... இனிமே வீட்லயே வச்சுப் பாத்துக்கோங்கன்னுட்டார் டாக்டர். கண்ணத் தொறந்தா ஒரே கேள்விதான். "அவரை அலைல விட்டுட்டுத் திரும்பிக்கூடப் பாக்காமப் போயிட்டாங்களா?" அதுக்குத்தான் உங்க ரெண்டு பேரையும் வரச் சொன்னேன்.

இன்ஜின்காரர்: அப்பவே சொன்னாங்களேம்மா. சண்டை நேரம். கப்பல் எங்கயும் நிக்கக்கூடாதுன்னு உத்தரவு. நிக்கல.

சமையல்காரர்: நின்னுச்சு! அலை அவனை வாரிக்கிட்டுப் போனதைப் பாத்தவன் நான் ஒருத்தன்தான். அண்டாவக் கவுத்துப் போட்டுக் கரண்டியால அடிச்சேன் பாரு... வானத்துல போன பறவையெல்லாம் பொத்து பொத்துன்னு விழுந்துச்சு! கேப்டன் காதப் பொத்திக்கிட்டு ஓடியாந்தார்!

இன்ஜின்காரர்: அடேய், புளுகுறதுக்கும் ஒரு அளவு வேணாமா!

மகள்: சிரிப்புதான் வருது மாமா... நம்ப முடியல.

சமையல்காரர்: நம்பாத. யாரும் நம்பக்கூடாதுன்னுதானே இத்தனை வருஷமா இப்படிச் சொல்லிட்டு வர்றேன்.

மகள்: என்னது?

இன்ஜின்காரர்: வாய மூடுறா.

சமையல்காரர்: மூச்சு விடமாட்டோம்னு கப்பல்ல எல்லாரும் கையடிச்சு சத்தியம் பண்ணினோம்மா. வெளிய தெரிஞ்சா கேப்டனுக்கு வேலை போயிருக்கும், ஜெயில்தான். நான் ஊரறிஞ்ச புளுகன். நான் சொன்னா யாரும் நம்பப்போறதில்ல, சத்தியத்த மீறினதாவும் ஆகாது. இவன் சொன்னாத்தான்...

இன்ஜின்காரர்: சத்தியம் சத்தியம்தான்.

சமையல்காரர்: கேப்டனே போய்ச் சேர்ந்தாச்சு! இன்னும் யாரடா காப்பாத்துற?

மகள்: இன்ஜின் மாமா... அம்மா முழிச்சுட்டாங்க. நீங்க என்ன சொல்றீங்கன்னு கேக்குறாங்க.

இன்ஜின்காரர்: நான் என்னத்த...

மகள்: உள்ள வாங்க. சத்தமா வேணாம். பக்கத்துல உக்காந்து சொல்லுங்க.

இன்ஜின்காரர்: தங்கச்சி... இந்தப் பய சொன்னதுல பறவை மட்டும்தான் பொய். நிறுத்துன்னு மேலருந்து மணி அடிச்சுது. இந்தக் கையாலதான் இன்ஜினை நிறுத்தினேன். இருட்டிப்போச்சு. எதிரி பாத்தாப் பாக்கட்டும்னு அத்தனை விளக்கையும் போடச் சொன்னார் கேப்டன். நெட்டையா, நெட்டையான்னு தொண்டை கிழியக் கத்தினோம்... கிடைக்கல. ஆனா விட்டுட்டுப் போகல, தங்கச்சி. நின்னுச்சு.