பத்தாவது மரங்கொத்தி

மரங்கொத்தி பார்க்கணும்னு வர்றவங்க பாதிப் பேர் அண்ணாந்து பார்த்துப் பார்த்து கழுத்து வலியோடதான் திரும்பிப் போவாங்க. முதல்ல காதைக் குடுக்கணும் ஐயா, அப்புறம்தான் கண்ணு. மேஜை மேல நான் வச்ச சாவியும் நோட்டும் அப்படியே இருக்கட்டும். அதுக்கு வர்றேன்.

மரங்கொத்தி ரெண்டு விதமா தட்டும். இரைக்காகத் தட்டுறது ஒழுங்கே இல்லாம இருக்கும். இந்த இடம் என்னுதுன்னு சொல்றதுக்கு முரசு மாதிரி அடிக்கும், அதுவும் கூடு கட்டுற மாசத்துல மட்டும். அந்த முரசு இனத்துக்கு இனம் வேற. கண்ணை மூடிக்கிட்டே நான் சொல்லிடுவேன்.

எங்க காட்டுல பத்து இனம். ஒன்பது எல்லாரும் பார்த்தது. பத்தாவது, பெரிய கறுப்பு. அதை அங்க பார்த்த ஒரே ஆள் நான். பதினெட்டு வருஷத்துக்கு முன்னாடி, நல்ல மழையில, ஒரு பட்ட மரத்துல. போட்டோ எடுத்தேன், கொஞ்சம் மங்கல். அந்த ஒரு பறவையாலதான் எங்க பகுதிப் பறவைப் பட்டியலைத் தொகுக்கிற பொறுப்பு எங்கிட்ட வந்தது. எல்லாரும் என்னை 'கறுப்பு சார்'னு கூப்பிடுவாங்க. நான் என்னமோ மாநிறம்தான்.

என் மச்சான், என் மனைவியோட தம்பி, சர்வேயர். எதைப் பார்த்தாலும் அளக்கணும் அவனுக்கு. எங்க வீட்டுல சாப்பாடு ஆனதும் ஒரு விளையாட்டு உண்டு. ஒருத்தர் மேஜையில விரலால ஒரு பறவையோட முரசை மெதுவா அடிக்கணும், மத்தவங்க பேர் சொல்லணும். ஒன்பது இனத்தையும் அவன் அடிப்பான். பெரிய கறுப்பை மட்டும் அடிக்கவே மாட்டான். தனித்தனியா மூணு கனமான அடி, அப்புறம் ஒரு நீண்ட உருட்டல், அவ்வளவுதான். என் மனைவி எத்தனையோ தடவை கேட்டுப் பார்த்தா. அந்தக் காட்டுல இருக்கிறதைத்தான் அடிப்பேன்னு சிரிச்சுக்கிட்டே சொல்லிடுவான். நானும் சிரிப்பேன். உள்ளுக்குள்ள எரியும்.

பட்டியல் மறுபதிப்புக்குப் போற நேரம் பார்த்து அவன் என் போட்டோவை எடுத்துக்கிட்டு உட்கார்ந்தான். பறவை பக்கத்துல மரத்துல ஒரு பொந்து தெரியுது, அந்த மரம் இன்னும் நிக்குது, பொந்தை அளந்தா பறவையோட நீளம் தெரிஞ்சிடும்னு சொன்னான். கீழே இருந்தே கருவி வச்சு அளந்துட்டான். மழையில நனைஞ்சு கறுப்பா தெரிஞ்ச பொன்முதுகு மரங்கொத்தி அத்தான் அது, பெரிய கறுப்போட அளவு வரவே இல்லைன்னான். ஏணி வச்சு ஏறி ஒரு தடவை சரி பார்த்துட்டா முடிஞ்சதாம்.

ஏணி பழைய பம்ப் ரூம்ல இருக்கும். பாதி மண்ணுக்குள்ள கட்டின ரூம், கனமான இரும்புக் கதவு, ஜன்னல் கிடையாது. எங்க சாமானெல்லாம் அங்கதான். சாவி எங்கிட்ட மட்டும்தான். அன்னிக்குக் காலையில நான்தான் திறந்து விட்டேன். உள்ளே இறங்கறதுக்கு முன்னாடி என் தோள்ல கை வச்சான்.

"நீங்களே எழுதிடுங்க அத்தான். தப்பா பார்த்துட்டேன்னு ஒரே வரி. யாரும் ஒண்ணும் நினைக்க மாட்டாங்க."

அவ்வளவு அன்பா சொன்னான். திட்டியிருந்தாக்கூட பரவாயில்லை. அவன் இறங்கினான், கதவு சாத்திக்கிச்சு. காத்து அடிக்கலைதான், ஆனா பாரமான கதவு. எப்பவும் பூட்டுற கை, பூட்டிடுச்சு. பத்து நிமிஷம் உட்கார்ந்து யோசிக்கட்டும்னுதான் நினைச்சேன். வண்டியில போய் உட்கார்ந்தேன். அப்புறம் மத்தியானச் சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வந்துட்டேன்.

ஆத்துப் பக்கம் தனியா போனான்னு மனைவிகிட்ட சொன்னேன். மறுநாள் வனக்காவலர்களோட தேடப் போனோம். முன்னால நின்னு வழி காட்டினது நான்தான். அந்த ரூம்ல இருந்து குரல் வெளியே வராது. ஆனா அங்கிருந்து ஒரு குழாய் மண்ணுக்கடியில ஓடி, பழைய தொட்டி பக்கத்துல மேலே வருது. அங்க நின்னப்போ சத்தம் கேட்டுச்சு. ரெண்டு தட்டு, ஒரு நிறுத்தம், மறுபடி நாலு.

காவலர் நின்னுட்டார். "என்ன சார் அது? இரும்பைத் தட்டுற மாதிரி இருக்கே."

"மரங்கொத்திதான். சத்தம் பெருசா கேட்கணும்னா அது இரும்பைக்கூடத் தட்டும். விளக்குக் கம்பம், தகரக் கூரை, எதையும் விடாது."

நான் சொன்னதுல பொய் கிடையாது. எந்தப் பறவை நூல்லயும் பார்த்துக்கலாம். ஆனா கூடு கட்டுற மாசத்துல மட்டும்தான் அது அப்படிச் செய்யும், அது அந்த மாசம் இல்லை. அந்த இடத்துல அது தெரிஞ்ச இன்னொரு ஆள் குழாயோட அந்தப் பக்கம் இருந்தான். காவலர் தலையாட்டிட்டு நடந்தார். பட்டியல் தொகுக்கிறவர் சொன்னா யார் மறுத்துப் பேசுவாங்க?

மூணாம் நாள் தேடப் போனவங்களை ஆத்துப் பக்கம் அனுப்பிட்டு நான் மட்டும் தொட்டிக்கிட்ட நின்னேன். தட்டல் மாறியிருந்துச்சு. தனித்தனியா மூணு கனமான அடி. அப்புறம் ஒரு நீண்ட உருட்டல், கை ஓய்ஞ்சு ஓய்ஞ்சு. மறுபடி அதே. நாலு தடவை. ஒரு நாளும் அடிக்காதவன் அடிச்சான் ஐயா. ஒத்துக்கிட்டான்னு எனக்குப் புரிஞ்சுது. அழுகை வந்துச்சு, உண்மையாவே வந்துச்சு. சாவி சட்டைப் பையில இருந்துச்சு. நான் நோட்டை எடுத்தேன்.

நாலாம் நாள் சத்தம் இல்லை.

இப்ப அந்தத் தட்டல் எங்க வீட்டுக் குழாய்ல கேட்குது. குழாய் ரிப்பேர்காரரை ரெண்டு தடவை கூப்பிட்டேன், ஒண்ணும் இல்லைங்கிறார். என் மனைவி சாப்பாட்டு மேஜையில உட்கார்ந்து, இன்னிக்காவது தம்பி பத்தி ஏதாவது தெரிஞ்சுதான்னு தினமும் கேட்கிறா. கேட்டுக்கிட்டே விரலால மேஜையைத் தட்டுறா, தன்னை அறியாம. அதைத்தான் என்னால தாங்க முடியலை. அதனாலதான் நானா வந்தேன்.

அது பம்ப் ரூம் சாவி. போய்த் திறங்க. பூட்டினது நான், திறக்காம விட்டதும் நான். கையெழுத்து எங்கே போடணுமோ போடுறேன்.

நோட்டை மட்டும் கசங்காம வைங்க. கடைசிப் பக்கத்துல தேதி, நேரம் எல்லாம் இருக்கு: பெரிய கறுப்பு, ஒன்று, பார்க்கவில்லை, ஒலி மட்டும், நான்கு முறை. அந்த மாசத்துல அது முரசு அடிக்காதுன்னு யாராவது வந்து சொல்லுவாங்க. சொல்லட்டும். மறுபதிப்புல இனிமே அதுக்கு ரெண்டு பதிவு இருக்கு.