பெரட்டுல விட்டுப்போன பேரு

மொதல்ல கெடுத்தது எங்க எஸ்டேட்டுல கணக்கெழுதுற கிராணி பழனியப்பன்தாம்மா. அவரை விட்டுட்டு என் தம்பியை இந்தப் பைத்தியக்கார ஆஸ்பத்திரி கட்டிலோட கட்டுறீங்களே. கோவப்படாதீங்க மணியம்மா. கையில கயித்துத் தடம் பார்த்தேன், அதான் கேட்டேன்.

ஓடப் பாக்குறானா? யாரு, கருப்பையாவா? ஓடுறவன் வாசக் கேட்டுகிட்ட போயி மழையில வெறைச்சுகிட்டு நிப்பானா? அது பெரட்டுமா. தேயிலைத் தோட்டத்துல விடிஞ்சதும் வரிசையா நிப்போம், கிராணி பேர் கூப்பிடுவாரு, இருக்கேங்கய்யான்னுட்டு மலையேறுவோம். இவனுக்கு நாள் தெரியாது, கிழமை தெரியாது. பேரைக் கூப்பிட்டாப் போதும், ரெண்டாள் கொழுந்து மூட்டையைச் சுமப்பான். இங்க கஞ்சிக்கு மணி, படுக்க மணி. பேரைச் சொல்லி யாரு கூப்பிடுறீங்க?

கம்யூனிஸ்டு சண்டை வந்துச்சு, நாங்க குடியிருக்குற லயத்தைச் சுத்தி முள்ளுக்கம்பி போட்டாங்க. ஆறு மணிக்கு கேட் அடைச்சா அடைச்சதுதான்லா. ஒருநாள் இவன் மலையிலயே நின்னுட்டான், இன்னும் ஒரு மூட்டை கெடக்குன்னு. சோல்ஜர் நில்லுன்னு கத்துறான். இவனுக்கு இங்கிலீஷா தெரியும்? சுடாம விட்டதே பெருசு. மறுநாள் கிராணி பெரட்டுப் புஸ்தகத்துல இவன் பேரை அடிச்சுட்டாரு. இந்தக் கிறுக்கனால என் வேலை போயிரும்னாரு. என்னை ஒரு வார்த்தை கேக்கல. எல்லாரும் மலைக்குப் போயிட்டோம், இவன் மட்டும் மத்தியானம் வரைக்கும் அங்கயே நிக்கிறான், பேரு வரும்னு.

இங்க அனுப்புற காயிதத்தையும் அவரேதான் கொண்டாந்தாரு. கைநாட்டு வெச்சது நான்தான், இல்லேங்கல. வீட்டுல வெச்சிருந்தா சோல்ஜர் சுட்டிருப்பான்லா.

இப்பக்கூட கேட்டுகிட்ட போயி கருப்பையான்னு கூப்பிட்டுப் பார்த்தேன். சிரிக்கிறான், நகரமாட்டேங்குறான். நான் கிராணி இல்லையே.

என்னது? கேட்டுல நிக்கச் சொன்னது யாரா?

நான்தாம்மா. இங்க கொண்டார லோரியில ஏறமாட்டேன்னு என் வேட்டியப் புடிச்சுகிட்டு அழுதான். அங்கயும் பெரட்டு உண்டுடா, கேட்டுகிட்ட நில்லு, கிராணியே வந்து கூப்பிடுவாருன்னேன். ஏறிட்டான். நாலு வருஷம் ஆச்சு.

கயிறு வேணாம்மா. மழை பேஞ்சா ஒரு சாக்கு போத்தி விடுங்க, நிக்கட்டும். பழனியப்பன் வந்து அந்த ஒரு பேரைக் கூப்பிடணும். அது அவரு எனக்குப் பட்ட கடன். இன்னிக்கு வரைக்கும் தீக்கல.